நவம்பரில் பூட்டான், வழிகாட்டியோடு 7 இரவு: காசு கட்ட முதல் என்னென்ன பார்க்கவேணும்?

உப்புவெளிக் கரை:

எல்லாருக்கும் வணக்கம். ஒக்டோபரோட சீசன் முடிஞ்சா எங்கட திருகோணமலைப் பக்கம் உப்புவெளி, நிலாவெளியில படகுக்கும் ஹோட்டலுக்கும் மார்ச் வரைக்கும் ஓய்வுதான். அந்த இடைவெளியில, நவம்பர் முதல் பாதியில, குடும்பமா பூட்டான் போகத் திட்டம். ஆறு பேர். பெரியாக்கள் ஐந்து பேர். அதில அம்மாவுக்கு 64 வயசு, முழங்கால் நோவும் பிரஷரும் இருக்கு. மகனுக்கு 9 வயசு. அம்மாவும் மனைவியும் சுத்த சைவம்.

அங்கத்தைய முகவர் ஒராள் அனுப்பின திட்டம் இது: முதல் நாள் பாரோவில இறங்கி அங்கேயே தங்கல். இரண்டாம் நாள் தக்சாங் மடாலயத்துக்கு ஏறுறது. மூன்றாம் நாள் திம்பு. நாலாம் நாள் புனாக்கா. ஐந்தாம், ஆறாம் நாள் பும்தாங். ஏழாம் நாள் பும்தாங்கில இருந்து ரோட்டால பாரோவுக்குத் திரும்பி, அடுத்த நாள் காலை விமானம். எல்லாத்துக்கும் சேர்த்து ஒரே தொகை போட்டிருக்கினம்.

தொகை நியாயமோ எண்டு எப்பிடிப் பார்க்கிறது? இந்த ஒழுங்கு அம்மாவுக்கும் பொடியனுக்கும் சரிவருமோ? இந்தியா வழியாப் போறது நல்லதோ, பாங்கொக் வழியோ? சாப்பாடு எப்பிடி? கொக்கு, காடு, திருவிழா எல்லாம் ஒரே பயணத்தில பார்க்கேலுமோ? தெரிஞ்ச ஆக்கள் விபரமாச் சொல்லுங்கோ.


பாலையூற்று அக்கா:

தம்பி, ஒரே தொகையாக வந்த விலைக்குறிப்பை வைத்து நியாயம் பேச முடியாது. வரிவரியாகப் பிரித்துத் தரச் சொல்லுங்கள். தர மறுக்கிற முகவரை அந்த இடத்திலேயே விட்டுவிடலாம்.

பிரித்ததும் முதல் வரியில் நிற்க வேண்டியது அரசாங்கத்துக்குப் போகும் காசு. பூட்டான் ஒவ்வொரு இரவுக்கும் நிலைபேறான அபிவிருத்திக் கட்டணம் அறவிடுகிறது. 2022 செப்டெம்பரில் ஆளுக்கு 200 டொலர் என்று வைத்தார்கள். 2023 செப்டெம்பரில் அதை 100 டொலராக்கினார்கள். அந்தக் குறைப்பு 2027 ஓகஸ்ட் 31 வரை. இந்தியர்களுக்கு இது இரவுக்கு 1,200 ரூபாய்தான். இலங்கைக் கடவுச்சீட்டுக்கு அந்தச் சலுகை இல்லை. நமக்கு முழு 100 டொலர். 6 வயதுக்குக் கீழே கட்டணமில்லை, 6 வயதிலிருந்து 12 வயது ஆகும்வரை பாதி. இதோடு ஆளுக்கு ஒருமுறை விசாக் கட்டணம் 40 டொலர், விசா கிடைக்காவிட்டாலும் திரும்பி வராது.

உங்கள் கணக்கு இப்படி வரும். ஐந்து பெரியவர்கள், 7 இரவு: 3,500 டொலர். மகனுக்கு 350. விசா ஆறு பேருக்கு 240. ஆக 4,090 டொலர். இதில் முகவர் கூட்டவும் முடியாது, குறைக்கவும் முடியாது. வந்த தொகையிலிருந்து இதைக் கழித்துப் பாருங்கள். மிச்சம்தான் ஹோட்டல், வான், சாரதி, வழிகாட்டி, சாப்பாடு, முகவரின் கூலி. மற்ற முகவர்களோடு ஒப்பிட வேண்டியதும் அந்த மிச்சத்தைத்தான். கட்டணம் இரவுக்குத்தான், பகலுக்கில்லை. எட்டு நாள், ஏழு இரவுப் பயணத்துக்கு 8 என்று பெருக்கியிருந்தால் அது பிழையான கணக்கு.

இணையத்தில் கிடக்கிற பழைய கட்டுரைகளில் "நாளுக்கு 250 டொலர், எல்லாம் அடக்கம்" என்று காண்பீர்கள். அது 2022க்கு முந்திய முறை. அப்போது குறைந்தபட்சப் பொதி விலையை அரசே நிர்ணயித்தது, சாப்பாடும் ஹோட்டலும் அதற்குள் வந்தன. இப்போது அந்தக் குறைந்தபட்ச விலை இல்லை. கட்டணம் வேறு, செலவு வேறு. இரண்டையும் குழப்பினால் ஒன்றில் முகவர் ஏமாற்றுகிறார் என்று நினைப்பீர்கள், அல்லது மலிவென்று நம்பி அங்கே போய்ச் செலவழிப்பீர்கள்.

மிச்சத் தொகைக்குள் என்ன அடக்கம் என்று எழுத்தில் கேட்க வேண்டியவை: ஒவ்வொரு ஊரிலும் ஹோட்டலின் பெயர், "அல்லது அதற்கு நிகரானது" என்ற சொல் இருந்தால் நிகரானவற்றின் பெயரும். மடாலயங்கள், கோட்டைகளின் நுழைவுச்சீட்டு யார் கட்டுவது; இதைத்தான் பலர் வெளியே விட்டுவிடுவார்கள், தக்சாங்கின் சீட்டு மற்றவற்றைவிட விலை கூடியது. அறையில் சூடாக்கி உண்டா. சூட்டுக்கல் குளியல் (சூடாக்கிய கற்களைப் போட்ட தண்ணீரில் குளிப்பது) கணக்குக்குள்ளா வெளியேயா. ஆறு பேரும் வழிகாட்டியும் சாரதியும் பெட்டிகளோடு போக ஹையேஸ் வான்தானா, இரண்டு ஜீப்பா. பயணம் தள்ளிப்போனால் எந்தத் தொகை திரும்பும், எது திரும்பாது.

பணம் அனுப்புவது உரிமம் பெற்ற நிறுவனத்தின் பூட்டான் வங்கிக் கணக்குக்கு மட்டும். உரிமம் உள்ளவர்களின் பட்டியலைப் பூட்டான் சுற்றுலாத் திணைக்களத்தின் தளத்தில் பார்க்கலாம். தனி ஆளின் பெயரில் கணக்கு தந்தால் நிறுத்துங்கள்.

வழிகாட்டி வேண்டாம், நாங்களே பார்த்துக்கொள்கிறோம் என்று காசை மிச்சம் பிடிக்க நினைக்காதீர்கள். திம்பு, பாரோ தாண்டிப் போக உரிமம் பெற்ற வழிகாட்டி கட்டாயம். தமிழ் பேசுகிறவரை எதிர்பார்க்க வேண்டாம். ஆங்கிலமும் ஹிந்தியும் நன்றாகப் பேசுவார்கள்.


மலைவழி:

அக்கா கணக்கைச் சொல்லிவிட்டார். நான் பாதையைப் பற்றிச் சொல்கிறேன், ஏனென்றால் அந்தத் திட்டத்தில் இரண்டு பெரிய பிழை இருக்கிறது.

ஒன்று, தக்சாங். திருகோணமலைக்காரர் கடல்மட்டத்தில் வாழ்கிறவர்கள். நுவரெலியா நகரம் ஏறக்குறைய 1,870 மீற்றர். இலங்கையின் உச்சி பிதுருதலாகல 2,524. பாரோ விமான நிலையமே 2,200க்கு மேல். தக்சாங் 3,120. இறங்கிய மறுநாளே, விமானக் களைப்போடும் தூக்கமில்லாமலும், நம் நாட்டு உச்சியைவிட 600 மீற்றர் உயரத்துக்கு நடக்கச் சொல்கிறது அந்தத் திட்டம். இளம் ஆளுக்கே தலையிடி வரும். தக்சாங்கைக் கடைசி முழுநாளுக்குத் தள்ளுங்கள். அதற்குள் உடம்பு ஐந்தாறு இரவு உயரத்தில் பழகியிருக்கும்.

இரண்டு, பும்தாங். அருமையான பள்ளத்தாக்கு, பழைய கோயில்கள் நிறைந்த இடம், ஆனால் ஏழு இரவுக்குள் அடங்காது. புனாக்காவிலிருந்து பும்தாங் போக ஒரு முழு நாள்; பெலே-லா, யோத்தோங்-லா என்று 3,400 மீற்றர் அளவில் இரண்டு கணவாய் ஏறி இறங்க வேண்டும். பும்தாங்கிலிருந்து பாரோ பத்து மணி நேரத்துக்கும் மேல். அதை விமானத்துக்கு முதல் நாள் வைத்திருக்கிறார்கள். கிழக்கு மேற்காக ஓடுவது ஒரே வீதி. ஓரிடத்தில் மண் சரிந்தால் சுற்றிப் போக வழியில்லை, விமானம் போய்விடும். பும்தாங்கில் சிறு விமான நிலையம் உண்டு, ஆனால் அந்த உள்நாட்டுச் சேவை மேகத்தைப் பொறுத்தது, அதை நம்பித் திட்டம் போட முடியாது.

பும்தாங்குக்குப் பதில், நீங்கள் கேட்ட கொக்கு வந்திறங்கும் போப்ஜிக்காப் பள்ளத்தாக்கு. என் ஒழுங்கு இது. பாரோவில் இறங்கியதும் நேரே திம்பு, ஒன்றரை மணி நேரம், அங்கே இரண்டு இரவு. மூன்றாம் நாள் தோச்சு-லா கணவாய் வழியாகப் புனாக்கா, இரண்டு இரவு. ஐந்தாம் நாள் போப்ஜிக்கா, ஒரு இரவு. ஆறாம் நாள் பாரோ, இரண்டு இரவு. ஏழாம் நாள் தக்சாங். எட்டாம் நாள் காலை விமானம்.

காரணம் உயரம். திம்பு 2,300க்கு மேல். இரண்டு இரவு பழகலாம். தோச்சு-லா 3,100 மீற்றர்தான், ஆனால் அங்கே 108 தூபிகளையும் பனிமலைத் தொடரையும் பார்த்து ஒரு மணி நேரத்தில் இறங்கிவிடுவீர்கள். புனாக்கா வெறும் 1,200 மீற்றர். வெக்கையான பள்ளத்தாக்கு, நெல் விளையும், அம்மாவுக்கு நல்ல நித்திரை வரும். போப்ஜிக்கா 2,900 அளவில். அங்கே இரவு தலையிடி, வாந்தி வந்து விடியவும் குறையாவிட்டால் இரண்டரை, மூன்று மணி நேரத்தில் திரும்பவும் புனாக்காவுக்கு இறங்கலாம். உயரத்தால் வரும் மலைநோய்க்கு நிச்சயமான மருந்து இறங்குவதுதான்.

மலைநோய்க்கு அசெற்றசோலமைட் குளிசை பற்றிப் பலர் சொல்வார்கள். அம்மா பிரஷர் குளிசை எடுக்கிறவர், ஆகவே டொக்டரைக் கேட்காமல் தொட வேண்டாம். சல்ஃபா மருந்து ஒத்துவராதவர்களுக்கும் அது கூடாது.

உயரத்தைவிட அதிகமாகப் பிள்ளைகளை வாட்டுவது வளைவுகள். மணிக்கு 30 கிலோமீற்றரே ஓடும் வீதி, விடாமல் திருப்பம். மகனை முன்வரிசையில் இருத்துங்கள். வாந்திக் குளிசையை வான் புறப்படுவதற்கு அரை மணி நேரம் முதல் கொடுக்க வேண்டும். பிரட்டத் தொடங்கிய பிறகு கொடுத்தால் வயிற்றில் நிற்காது. காலையில் பால்தேத்தண்ணி வேண்டாம்.


கிண்ணியா நிஸா:

சாப்பாட்ட பத்தி யாரும் சொல்லல்ல, அதனால நான் சொல்றன். பூட்டான்ல கொச்சிக்காய் வாசனைக்குப் போடுற சாமானில்ல, அதுதான் கறி. ஏமா தட்ஷி எண்டா முழுக் கொச்சிக்காயும் சீஸும் சேத்து அவிச்சது. உறைப்பு சாப்பிட்டுப் பழகின நமக்கே முதல் வாய் கண்ணு கலங்கும். ஆனா சுற்றுலா ஹோட்டல்கள்ல வெளிநாட்டுக்காரங்களுக்கெண்டு உறைப்பும் உப்பும் இல்லாமச் சமைச்சு வைப்பாங்க, அது ரெண்டு நாள்ல அலுத்துப் போகும். வழிகாட்டிக்கிட்ட "நீங்க சாப்பிடுறதையே எங்களுக்கும் ஒரு கிண்ணம் வைக்கச் சொல்லுங்க" எண்டு முதல் நாளே சொல்லிடுங்க. சிவப்பரிசிச் சோறு கிடைக்கும், நம்ம வயித்துக்கு ஒத்துக்கும்.

சைவத்துக்குக் கஷ்டமில்ல. கேவா தட்ஷி உருளைக்கிழங்கும் சீஸும், ஷாமு தட்ஷி காளானும் சீஸும். ஆனா "சைவம்" எண்டு மட்டும் சொன்னாப் போதாது. காஞ்ச மாட்டிறைச்சித் துண்டு, பன்றிக் கொழுப்பு எல்லாம் மரக்கறியோட சேர்ந்து வரும். மேல மரக்கறிதான் தெரியும். "இறைச்சி, மீன், முட்டை, இறைச்சி அவிச்ச தண்ணி, ஒண்டும் கூடாது" எண்டு ஒவ்வொண்டா எழுதி முகவருக்கு அனுப்புங்க, அவர் ஹோட்டலுக்கெல்லாம் முன்கூட்டிச் சொல்லுவார். சீஸ் இல்லாத கறி வேணுமெண்டா அதையும் எழுதணும், ஏனெண்டா எல்லாத்துலயும் சீஸ்.

நம்ம ஊர்லருந்து போற முஸ்லிம் குடும்பங்களும் இத வாசிப்பாங்க, அதனால இதையும் சொல்றன்: ஹலால் இறைச்சிய நம்பிப் போக வேணாம், மரக்கறி, பருப்பு, முட்டையோட நிண்டுடுங்க. சுஜா எண்டு உப்பும் வெண்ணையும் போட்ட தேத்தண்ணி தருவாங்க, அது பரவால்ல. ஆரா எண்டு வீட்டுல வடிக்கிறது சாராயம், வீட்டு விருந்துல மரியாதைக்கு ஊத்துவாங்க. வழிகாட்டி முன்னமே சொல்லி வச்சிருந்தா யாரும் வற்புறுத்த மாட்டாங்க.

இன்னொண்டு, அம்மாவும் பிள்ளையும் வாறதால. புனாக்கா பக்கம் சிமி லாக்காங் எண்டு ஒரு கோயில், அதுக்குப் போற வழியெல்லாம் வீட்டுச் சுவர்கள்ல ஆண்குறி ஓவியம் பெருசா இருக்கும். கடைகள்ல மரத்துல செஞ்சும் விப்பாங்க. துருக்பா குன்லே எண்ட துறவியோட தொடர்பான நம்பிக்கை அது, கண்ணூறு படாமலும் பிள்ளை வரம் கிடைக்கவும் வரையிறது. அசிங்கமெண்டு நினைக்கிற விசயமில்ல அவங்களுக்கு. முன்னமே தெரிஞ்சு போனா சங்கடமில்ல, வேணாமெண்டா அந்த ஒரு இடத்த விட்டுடலாம்.


உப்புவெளிக் கரை:

அக்கா, அண்ணை, நிஸா, எல்லாருக்கும் பெரிய நன்றி. பும்தாங்கை வெட்டிப்போட்டன். முகவரிட்ட வரிவரியாக் கேட்டு எழுதியிருக்கிறன். இப்ப விமானமும் விசாவும்தான் குழப்பம். பிறகு, அம்மா தக்சாங் ஏறவே வேணும் எண்டு நிக்கிறா. குதிரை இருக்காம், உண்மையோ?


சீனன்குடா:

விமானத்தை நான் சொல்கிறேன். பாரோவுக்குப் பறப்பவை ட்ரூக் எயாரும் பூட்டான் எயார்லைன்ஸும்தான். மலைகளுக்கு நடுவே கண்ணால் பார்த்தே இறக்க வேண்டிய நிலையம், இரவில் இறங்குவதில்லை. பிற்பகலில் பள்ளத்தாக்கில் காற்று எழும்புவதால் சேவைகள் பெரும்பாலும் காலையில். மேகம் மூடினால் தாமதமாகும். ஆகவே திரும்பி வரும்போது பாரோ விமானத்துக்கும் கொழும்பு விமானத்துக்கும் இடையில் ஒரு இரவு விடுங்கள். இரண்டும் வெவ்வேறு டிக்கெட் என்றால், முதலாவது தாமதித்து இரண்டாவதைத் தவறவிட்டால் யாரும் பொறுப்பெடுக்க மாட்டார்கள்.

பாங்கொக் வழி: கொழும்பிலிருந்து நேரடிச் சேவை. பாங்கொக்கிலிருந்து பாரோ போகும் விமானம் வழியில் கொல்கத்தா, குவஹாத்தி, பாக்டோக்ரா, டாக்கா என்று ஏதோவொன்றில் பெரும்பாலும் இறங்கி ஏறும். பாரோப் பயணிகள் விமானத்துக்குள்ளேயே இருப்பார்கள், அதனால் இந்திய விசா வேண்டாம். தாய்லாந்து விதியை மட்டும் டிக்கெட் எடுக்கும் நாளில் பாருங்கள், அது மாறிக்கொண்டே இருக்கிறது. அம்மாவுக்கு அலைச்சல் குறைந்த வழி இதுதான்.

இந்தியா வழி: கொழும்பிலிருந்து டில்லி, அல்லது சென்னை போய் உள்நாட்டு விமானத்தில் கொல்கத்தா. பலாலியிலிருந்தும் சென்னைக்குச் சிறிய விமானம் உண்டு, பெட்டியின் எடை வரம்பு குறைவு. தனித்தனி டிக்கெட் என்றால் பெட்டியை வெளியே எடுத்துத் திரும்பக் கொடுக்க வேண்டும். அதற்குக் குடிவரவைத் தாண்ட வேண்டும். அதற்கு இந்திய விசா வேண்டும். போகவும் வரவும் இந்தியாவுக்குள் நுழைவதால் விசா குறைந்தது இரண்டு நுழைவுக்கானதாக இருக்க வேண்டும், ஒற்றை நுழைவு விசாவோடு போனால் திரும்பும் வழியில் பாரோவிலேயே ஏற்ற மாட்டார்கள். பூட்டானிலிருந்து தரைவழியாக இந்தியா வர நினைத்தால் இன்னொரு பொறி: இ-விசாவால் நுழையக்கூடிய இடங்கள் குறிப்பிட்ட பட்டியலில் உள்ளவை மட்டுமே. பட்டியலைப் பார்க்காமல் தரைவழித் திட்டம் வேண்டாம். டிசம்பர் கடைசியிலும் ஜனவரியிலும் டில்லியில் மூடுபனி. நவம்பர் முதல் பாதிக்கு அந்தப் பிரச்சினை குறைவு.

பூட்டான் விசாவை முகவரே விண்ணப்பிப்பார், நீங்களும் இணையத்தில் செய்யலாம். கடவுச்சீட்டுப் பக்கத்தின் படம், ஒளிப்படம், பயணத் திகதி, கட்டணம். கடவுச்சீட்டு இன்னும் ஆறு மாதம் செல்லுபடியாக வேண்டும். வேலைநாள் ஐந்து என்பார்கள். நீங்கள் ஒரு மாதம் முதலே போடுங்கள். விசா அனுமதிக் கடிதத்தை அச்செடுத்து ஆளாளுக்கு ஒன்று கையில் வைத்திருங்கள். அதைக் காட்டினால்தான் பாரோ விமானத்துக்கு ஏறும் அட்டை கிடைக்கும். போனில் இருக்கிறதே என்று நம்பி, பற்றரி இறங்கி நின்றால் வரிசை உங்களுக்காகக் காத்திராது.

நம் ஆட்களுக்கு அதிகம் பிழைக்கிற இடம் பெயர். கடவுச்சீட்டில் தகப்பன் பெயரும் சொந்தப் பெயரும் முழுதாக நீண்டு கிடக்கும். முகவர் விசா விண்ணப்பத்தில் முதலெழுத்தைப் போட்டுச் சுருக்குவார். டிக்கெட்டில் முன்பெயரும் பின்பெயரும் இடம் மாறும். மூன்றிலும் ஒரே எழுத்துக்கூட்டு, ஒரே ஒழுங்கு. ஆறு பேரின் பெயரையும் கடவுச்சீட்டைப் பக்கத்தில் வைத்து எழுத்தெழுத்தாக ஒப்பிட்ட பிறகே "சரி" சொல்லுங்கள்.


புறாமலை:

மலைவழி அண்ணை சொன்ன ஒழுங்கில எனக்கு ஒரு இடத்தில உடன்பாடில்லை. போப்ஜிக்காவில ஒரு இரவு போதாது. புனாக்காவில ஒண்டைக் குறைச்சு அங்க ரெண்டாக்குங்கோ.

கருங்கழுத்துக் கொக்கு திபெத்திய மேட்டுநிலத்தில இருந்து ஒக்டோபர் கடைசியில இறங்கத் தொடங்கும், பெப்ரவரி நடு வரைக்கும் நிக்கும். நாலரை அடி உயரமான பறவை. ராவில ஈரநிலத்தின்ர ஆழமில்லாத தண்ணிக்குள்ள கூட்டமா நிண்டு நித்திரை கொள்ளும். விடிய எழும்பி வயலுக்கு மேயப் போகும். பொழுதுபட ஒண்டாத் திரும்பும். பார்க்க வேண்டிய நேரம் இந்த ரெண்டும்தான். மத்தியானம் போனா தூரத்தில சாம்பல் புள்ளிதான் தெரியும். ஒரு இரவு தங்கினா ஒரு விடியல்தான் கிடைக்கும். அந்த விடியல் மூடுபனியா இருந்தா எல்லாம் போச்சு. ரெண்டு இரவெண்டா ரெண்டு பொழுதுபாடும் ரெண்டு விடியலும்.

நவம்பர் முதல் பாதியில கொக்கு முழுதா வந்து முடிஞ்சிராது, ஆனா பார்க்கப் போதுமான அளவு நிக்கும். ஒவ்வொரு வருசமும் நவம்பர் 11 ஆம் திகதி காங்தே மடாலயத்து முற்றத்தில கொக்குத் திருவிழா. பள்ளிக்கூடப் பிள்ளையள் கொக்கு உடுப்போட ஆடுவினம், முகமூடி ஆட்டமும் உண்டு. காட்டையும் பண்பாட்டையும் ஒரே இடத்தில பார்க்கவேணும் எண்டு கேட்ட உங்களுக்கு இதைவிடப் பொருத்தமான நாள் இல்லை. திம்புத் திருவிழா செப்டெம்பர், ஒக்டோபர் பக்கம் வரும், பாரோத் திருவிழா மார்ச், ஏப்ரலில. பூட்டான் நாட்காட்டிப்படி வருசா வருசம் திகதி மாறும். நவம்பரில நிச்சயத் திகதி உள்ளது கொக்குத் திருவிழாதான். அந்தக் கிழமை பள்ளத்தாக்கில அறை கிடைக்கிறது கஷ்டம், அதனால முதல்ல போப்ஜிக்கா அறையைப் பிடிச்சுப்போட்டு மிச்ச நாளை அதைச் சுத்தி அடுக்குங்கோ.

அங்க மின்கம்பி எல்லாம் நிலத்துக்கடியில போகுது, கொக்கு மோதிச் சாகாமல் இருக்கிறதுக்கு. ஒரு பறவைக்காக இவ்வளவு செய்திருக்கினம். நாங்கள் போய் ஈரநிலத்துக்குள்ள இறங்கி நடந்து அதுகளைக் கலைச்சா அது எவ்வளவு அநியாயம். பாதையில மட்டும் நில்லுங்கோ, ட்ரோன் கொண்டு போகாதேங்கோ, அனுமதியில்லாமல் பறக்கவிடேலாது. எங்கட புறாமலைத் தீவில பவளப்பாறைக்கு மேல ஏறி நிக்கிற பயணியைப் பார்த்தா எங்களுக்கு வயிறு எரியிற மாதிரித்தான் அவைக்கும். கொக்குத் தகவல் நிலையத்தில தொலைநோக்கி பூட்டி வைச்சிருக்கு, பொடியனுக்கு அது நல்லாப் பிடிக்கும்.

காங்தே மடாலயத்துக்குக் கிட்ட இருந்து பள்ளத்தாக்குக்கு இறங்கிற நடைபாதை ஒண்டு இருக்கு, பைன் காட்டுக்குள்ளால, ரெண்டு மணித்தியாலம் போதும். பெரும்பாலும் இறக்கம். ஆனா அம்மாவுக்கு முழங்கால் நோவெண்டா இறக்கம்தான் வில்லங்கம், கைத்தடி ரெண்டு கொடுங்கோ, இல்லாட்டி வானில கீழ வந்து காத்திருக்கட்டும்.

வழிகாட்டி விசயத்தில ஒரு சொல். பண்பாட்டு வழிகாட்டிக்குக் கோட்டை, கோயில் வரலாறு தண்ணிபட்ட பாடு. பறவை தெரியுமெண்டு சொல்லேலாது. "பறவை தெரிஞ்ச வழிகாட்டி வேணும், இருநோக்கி கொண்டு வரவேணும்" எண்டு பதிவு செய்யேக்கையே கேளுங்கோ. தெரிஞ்சவர் எண்டா புனாக்கா ஆத்தங்கரையில வானை மெதுவா விடச் சொல்லுவார். உலகத்திலயே மிக அருகிப்போன பறவையளில ஒண்டான வெண்வயிற்று நாரை அந்தப் பக்கத்து ஆறுகளில நிக்கும், அதிர்ஷ்டம் இருந்தாக் காணலாம். தெரியாதவர் அந்த இடத்தைப் பாட்டுப் போட்டுக்கொண்டு கடந்து போவார். திம்புவில மோத்தித்தாங் காப்பகத்தில டாக்கின் பார்க்கலாம், அவையின்ர தேசிய விலங்கு. வேலிக்குள்ள எண்டாலும் பிள்ளை கிட்ட நிண்டு பார்க்கும்.


மலைவழி:

புறாமலை சொல்வது நியாயம். திருவிழாவுக்காகப் போகிறவர்களுக்கு இரண்டு இரவுதான் சரி. ஆனால் அம்மாவின் பிரஷரைக் கருதி ஒரு நிபந்தனை: திம்புவில் இரண்டு இரவு குறையக் கூடாது. புனாக்காவில் ஒரே இரவு என்றால் கோட்டையை இறங்கிய அன்று பின்னேரமே பாருங்கள். 1637இல் கட்டத் தொடங்கியது, போ-சூ, மோ-சூ என்ற இரண்டு ஆறு கூடும் முனையில் நிற்கிறது, பூட்டானில் ஒரேயொரு கோட்டைதான் பார்க்கலாம் என்றால் நான் இதைச் சொல்வேன்.

இனி தக்சாங், குதிரை. உண்மை, ஆனால் பாதி வழிக்குத்தான். வாகனத் தரிப்பிடம் 2,600 மீற்றர் அளவில். அங்கிருந்து சிற்றுண்டிச்சாலை வரை குதிரை ஏற்றும். அதற்கு மேல் நடைதான். இறங்கும்போது குதிரையில் ஆளை ஏற்றுவதில்லை, சரிவில் விழுத்திவிடும் என்பதால். ஆகவே குதிரையில் போனாலும் முழு இறக்கமும் அம்மா தன் காலால்தான். சிற்றுண்டிச்சாலைக்குப் பிறகு மேலே ஏறி, மடாலயத்துக்கு நேரெதிரே ஒரு முனைக்கு வந்து, அங்கிருந்து நூற்றுக்கணக்கான படி இறங்கி, அருவியைக் கடந்து, திரும்பவும் படி ஏறினால்தான் வாசல். வரும்போது அதே படிகள். முழங்கால் நோவுள்ளவரை அங்கே கொண்டுபோகக் கூடாது என்பது என் உறுதியான எண்ணம். சிற்றுண்டிச்சாலையிலிருந்தே மடாலயம் எதிரே பாறையில் ஒட்டி நிற்பது முழுதாகத் தெரியும். அம்மா அங்கே தேத்தண்ணியோடு இருக்க, கூட ஒருவர் நிற்க, மற்றவர்கள் மேலே போய் வாருங்கள். வழிகாட்டி ஒருவர்தான், அவர் மேலே போகும் குழுவோடு போவார். அம்மாவோடு நிற்பவர் யார் என்று கீழேயே முடிவெடுங்கள்.

காலை ஏழு மணிக்கு நடக்கத் தொடங்குங்கள். போய்வர ஐந்து, ஆறு மணி நேரம். போன், கமரா, பை எல்லாவற்றையும் வாசலில் பூட்டி வைத்துவிட்டுத்தான் உள்ளே போகலாம். படம் எடுக்கும் இடம் அந்த எதிர்முனைதான். கோட்டை, கோயில் எங்கும் கை நீண்ட சட்டை, நீளக் காற்சட்டை. தொப்பி கழற்ற வேண்டும். தூபியை இடமிருந்து வலமாகச் சுற்ற வேண்டும்.


பாலையூற்று அக்கா:

உடுப்பைப் பற்றிச் சொல்லிவிட்டு நிறுத்துகிறேன். தடித்த ஒரு சுவெட்டர் வாங்கி அதை நம்பிப் போவது நம் ஊர்ப் பழக்கம். அது பிழை. பகலில் வெயில் சுடும், சூரியன் மலைக்குப் பின்னால் போனதும் பத்து நிமிடத்தில் குளிர் இறங்கும். போப்ஜிக்காவில் நவம்பர் இரவு பூச்சியத்துக்குக் கீழே போகும். மூன்று அடுக்கு வேண்டும். உடம்போடு ஒட்டிய உள்ளுடுப்பு, நடுவில் கம்பளி, மேலே காற்றுப் புகாத ஜக்கெட். உள்ளே பருத்திப் பெனியன் போடாதீர்கள். ஏறும்போது வியர்வையில் ஊறி, நின்றதும் உடம்பைக் குளிரவைக்கும். புதுச் சப்பாத்தை இங்கேயே இரண்டு மூன்று கிழமை போட்டு நடந்து பழக வேண்டும், கடற்கரை மணலில் அல்ல, கல் பாதையில். போப்ஜிக்கா ஹோட்டலிடம் அறைக்குள் விறகு அடுப்போ மின்சூடாக்கியோ எது என்று கேளுங்கள். சாப்பாட்டு மண்டபத்தில் மட்டும் இருந்தால் அம்மாவுக்குப் போதாது.

காசு: பூட்டான் நாணயமான நுல்ட்ரமும் இந்திய ரூபாயும் ஒரே பெறுமதி, இந்திய ரூபாய்த் தாளைக் கடைகளில் வாங்குவார்கள். இலங்கை ரூபாயை அங்கே மாற்ற முடியாது. வங்கியில் டொலராக எடுத்துப் போங்கள், மடிப்பும் கிறுக்கலும் இல்லாத தாள்களாக. சிறு தொகை இந்திய ரூபாயும் இருந்தால் குதிரைக்கும் கைத்தடிக்கும் உதவும். அங்கத்தைய நேரம் நம் நேரத்தைவிட அரை மணி முன்னுக்கு.

கடைசியாக, கட்டுநாயக்க போகும் வழி. நவம்பரில் நமக்கு மழைக்காலம். கந்தளாய், ஹபரணை வழியாக ஏ-6 வீதி வழமையில் ஆறு, ஏழு மணி நேரம். வெள்ளம் குறுக்கறுத்தால் கணக்கே இல்லை. விமானம் காலையென்றால் முதல் நாள் விடியவே புறப்பட்டு நீர்கொழும்பில் இரவு தங்குங்கள். அம்மாவின் குளிசைகளும் அவற்றின் மருந்துச் சீட்டும் கைப்பையில், பெட்டிக்குள் அல்ல.


உப்புவெளிக் கரை:

முகவரிட்ட இருந்து பதில் வந்திட்டுது. வரிவரியாப் பிரிச்சுத் தந்திருக்கிறார், அரசுக் கட்டணம் அக்கா சொன்ன 4,090 சரியா வருது. நுழைவுச்சீட்டு வெளியில தானாம், அதைச் சேர்க்கச் சொல்லியிருக்கிறன். நவம்பர் 10, 11 ரெண்டு இரவும் போப்ஜிக்கா, அதுக்கு முதல் திம்பு ரெண்டு, புனாக்கா ஒண்டு, கடைசியில பாரோ ரெண்டு. அப்ப 7 ஆம் திகதி பாரோவில இறங்கவேணும். பாங்கொக்கில போகேக்க ஒரு இரவு, வரேக்க ஒரு இரவு. பெயருகளை இப்ப கடவுச்சீட்டோட ஒப்பிட்டுக்கொண்டு இருக்கிறன். அம்மாவின்ர பெயரில ஒரு எழுத்து ஏற்கெனவே மாறித்தான் கிடக்கு.


சீனன்குடா:

அந்த எழுத்தைத் திருத்தி, திருத்திய விண்ணப்பத்தின் படத்தை அவரிடமிருந்து கேட்டு வாங்குங்கள். "திருத்தியாச்சு" என்ற பதில் போதாது. விசாக் கடிதம் வந்ததும் அதே பெயரில் டிக்கெட்டும் இருக்கிறதா என்று திரும்பவும் ஒருமுறை பார்க்க வேண்டும்.